கறுப்பாக வரும் நாலு நிமிடம்

போன ஞாயிற்றுக்கிழமை காலையில் என் மனைவி சமையலறையில் பீட்ரூட் வெட்டிக்கொண்டிருந்தாள். ராகலைத் தோட்டத்துப் பீட்ரூட். வெட்டின கத்தியும் பலகையும் விரலும் ஒரே சிவப்பு. அந்த நேரம் பார்த்துக் கொழும்பில் வேலை செய்யும் மகளிடமிருந்து போனுக்கு ஒரு செய்தி வந்தது. "அப்பா, இது நீங்க எடுத்த படமா? யாரோ போட்டிருக்காங்க பாருங்க." தொட்டேன். மலைமேல் பனி, தப்புப் பறைச் சத்தம், கோணல்மாணலாக எழுந்து வரும் எழுத்துகள்: 'கொழுந்து மோகினி'. கதை, வசனம், தயாரிப்பு, இயக்கம் எல்லாம் ஸ்டெல்லா. ஒளிப்பதிவு என்ற இடத்தில் என் பெயர் பாதி வெட்டுப்பட்டு ஓடுகிறது. அந்தக் காலத்திலேயே அப்படித்தான் ஓடியது.

மனைவியின் சிவந்த விரலையும் அந்தப் படத்தையும் ஒரே நேரத்தில் பார்த்தால் எனக்கு என்ன ஆகும் என்று நீங்களே யோசித்துப் பாருங்கள். நாங்கள் எடுத்த பேய்ப் படங்களில் சிந்திய ரத்தம் முழுவதும் பீட்ரூட் சாறுதான். இரண்டு மணி நேரத்தில் கறுத்துவிடும், ஈ மொய்க்கும். கழுத்து அறுபட்டுக் கிடப்பவர் ஈயை விரட்டக் கையைத் தூக்குவார். அந்தக் கை இன்னமும் ஒரு படத்தில் இருக்கிறது.

படத்தின் கீழே ஆளாளுக்கு எழுதியிருந்தார்கள். 'பயம் வரல, சிரிப்பு வருது' என்று ஒருவர். ஒப்புக்கொள்கிறேன். 'இது எந்த ஊர் தமிழ்? கேட்க நல்லா இருக்கே' என்று இன்னொருவர். அவருக்கு ஆயுசு நூறு. மூன்றாமவர் எழுதியதுதான் என்னைக் கிளப்பிவிட்டது. 'நடுவுல நாலு நிமிஷம் படம் கறுப்பா வருது, சத்தம் மட்டும் கேக்குது. காப்பி பழுது. தள்ளிவிட்டுப் பாருங்க.'

காப்பி பழுதில்லை ஐயா என்று பதில் எழுத உட்கார்ந்தேன். என் கட்டைவிரல் ஒரு எழுத்தைத் தொட்டால் மூன்று எழுத்து விழுகிறது. 'காப்ப்பி' என்றே நின்றது. சரி, அவருக்குச் சொல்ல முடியாததை உங்களுக்குச் சொல்கிறேன். அந்த நாலு நிமிடத்தைப் பற்றிச் சொல்ல வேண்டுமென்றால் ஸ்டெல்லா அக்காவிலிருந்துதான் தொடங்க வேண்டும்.

டிக்கோயா கடைவீதியில் வீடியோ டேப் வாடகைக்குக் கொடுக்கும் கடை வைத்திருந்தார் அக்கா. உள்ளே நுழைந்தால் பூச்சி உருண்டை வாசம் மூக்கில் ஏறும். எங்கள் ஊர் ஈரத்துக்கு டேப்பெல்லாம் பூஞ்சணம் பிடித்துவிடும் என்பதால் அலமாரிக்கு அலமாரி உருண்டை போட்டு வைத்திருப்பார். வெயில் அடிக்கிற அபூர்வமான நாட்களில் கடை வாசலில் சாக்கை விரித்து, மிளகாய் காய வைப்பது போல டேப்புகளைப் பரப்பிவிடுவார். பஸ்ஸில் போகிறவர்கள் எட்டிப் பார்த்து, "என்னக்கா, படம் காயுதா?" என்பார்கள். "ஆமா, நல்லாக் காஞ்சதும் வறுத்துத் தாறேன்" என்பார். நான் அப்போது கல்யாண வீடியோ எடுத்துக்கொண்டிருந்தேன். மாப்பிள்ளை தாலி கட்டும் சமயத்தில் பட்டரி தீர்ந்துபோன பெருமை எனக்கு உண்டு. கல்யாணம் இல்லாத நாட்களில் அக்காவின் கடையில் போய் உட்கார்ந்துகொள்வேன். என்னைவிட ஐந்தாறு வயது மூத்தவர். என் பெயரைச் சொல்லி அவர் கூப்பிட்டதே கிடையாது. சந்தோஷமாக இருந்தால் "வாங்க கேமரா", கோபமாக இருந்தால் "ஏய் கேமரா".

அக்காவுக்கு ஒரு வித்தை தெரியும். திரும்பி வந்த டேப்பைப் போட்டு ஓட்டிப் பார்த்தே அதை எடுத்துப் போனவர்கள் எந்த இடத்தைத் திரும்பத் திரும்பப் பார்த்தார்கள் என்று சொல்லிவிடுவார். பார்த்த இடத்தில் கோடு கோடாக விழுந்திருக்கும். பாட்டு வரும் இடத்தில் கொஞ்சம் விழும், சண்டையில் கொஞ்சம் விழும், பேய் வரும் இடத்தில் டேப் தேய்ந்தே போயிருக்கும். "நம்ம சனத்துக்கு என்ன வேணும்னு இந்தக் கோடு சொல்லுது பாருங்க" என்றார் ஒருநாள். பிறகு டேப்பை எடுத்து அலமாரியில் வைத்துவிட்டு, "நம்ம ஆளுங்க படத்துல டீ கொண்டாந்து வச்சிட்டுப் போற ஆளாவேதான் இருக்கணுமா? பேயாவாச்சும் வருவோமே" என்றார்.

நான் சிரித்தேன். அவர் சிரிக்கவில்லை. அடுத்த வாரமே ஒரு பயிற்சிக் கொப்பியில் கதை எழுதி வந்துவிட்டார். அதில் கங்காணியும் கணக்கப்பிள்ளையும் கொழுந்து பறிக்கும் பெண்களும் எங்கள் வீடுகளில் பேசுகிற மாதிரியே பேசினார்கள். பேய்கூட "வாங்க, போங்க" என்றுதான் பேசியது. தமிழ்நாட்டுப் படத்துப் பேச்சு ஒரு வரி இல்லை, நாடகத்துப் பேச்சும் இல்லை. எங்கள் தமிழை அதுவரை நான் எழுத்தில் பார்த்ததே இல்லை. வாய்விட்டு வாசித்தபோது எனக்குக் கூச்சமாக இருந்தது, சந்தோஷமாகவும் இருந்தது.

முதல் படம் 'பங்களாவில் யார்?'. நடித்தவர்களுக்குச் சம்பளம் என்று ஒன்றும் கிடையாது, வருஷம் முழுக்க விரும்பிய படத்தைச் சும்மா எடுத்துப் போகலாம் என்பதே ஒப்பந்தம். வெளிச்சத்துக்குத் தேயிலைப் பெட்டி. பலகைப் பெட்டியில் தேயிலை அடைத்து அனுப்பிய காலத்தில் உள்ளே வெள்ளித்தாள் ஒட்டியிருக்கும், உங்களுக்கு நினைவிருக்கலாம். பழைய பெட்டி ஒன்றைப் பிரித்து அந்தத் தாளைப் பலகையோடு பிடித்தால் முகத்தில் வெளிச்சம் தகதகவென்று விழும். கூடவே தேயிலைத் தூளும் விழும். எங்கள் கதாநாயகி கண்ணீர் விடும் காட்சிகளெல்லாம் அவ்வளவு தத்ரூபமாக வந்ததற்கு அந்தத் தூளும் ஒரு காரணம்.

இரண்டாவது 'தொரை வாறாரு'. செத்துப்போன வெள்ளைக்காரத் துரை குதிரையில் வந்து, காலையில் வேலை பிரித்துக் கொடுக்கும் பெரட்டுக்களத்தில் ஆள் கூப்பிடுகிற கதை. குதிரைக்கு எங்கே போவது? நுவரெலியாவில் ஏரிக்கரையோரம் பிள்ளைகளை ஏற்றிச் சுற்றிக் காட்டும் மட்டக்குதிரை ஒன்றைக் கேட்டுப் பிடித்தோம். துரையாக நடித்த தபால்கார அண்ணன் நல்ல உயரம். ஏறி உட்கார்ந்தால் இரண்டு காலும் தரையில் தேய்ந்தன. குதிரைக்காரச் சிங்கள ஐயா அவருடைய முதுகைத் தட்டி "பய வென்ட எப்பா" என்று சொல்லிக்கொண்டேயிருந்தார், பயப்படாதே என்று. இடுப்புக்குக் கீழே படத்தில் வராமல் எடுத்து முடித்தோம். அந்தத் துரை குதிரையில் வருகிறாரா நடந்து வருகிறாரா என்று இன்றுவரை யாரும் கேட்கவில்லை, காரணம் பனி.

பனிதான் எங்களுடைய பெரிய சொத்து. மற்ற ஊர்களில் புகை விடுவதற்கு மெஷின் வைத்திருப்பார்களாம். எங்களுக்கு மத்தியானம் இரண்டு மணிக்கு மலை தானாகவே அனுப்பிவைக்கும். அக்கா தலையை நிமிர்த்தி வானத்தை ஒரு பார்வை பார்ப்பார். "இன்னும் கால் மணித்தியாலம். வசந்தாவுக்கு முடியப் பிரிச்சி விடுங்க" என்பார். சொன்ன நேரத்துக்குப் பனி இறங்கும், அதற்குள்ளிருந்து வெள்ளைச் சேலையில் வசந்தா வருவாள். வசந்தா தையற்காரி, எல்லாப் படத்திலும் எங்களுடைய பேய் அவள்தான். அவளிடம் ஒரே ஒரு குறை. யாரையாவது பயமுறுத்த வேண்டிய இடம் வந்தால் சிரித்துவிடுவாள்.

மூன்றாவதுதான் 'கொழுந்து மோகினி'. மலையில் சறுக்கி விழுந்து செத்த ஒருத்தி, கொழுந்து நிறுவையில் ஏமாற்றும் கணக்கப்பிள்ளையைத் தேடி வருகிறாள். இதுதான் நம்முடைய பெயர் சொல்லப்போகும் படம் என்று அக்கா நினைத்தார். முதல் இரண்டையும் சனம் விழுந்து விழுந்து பார்த்திருந்தது, ஆனால் சிரித்துச் சிரித்துப் பார்த்தது. அக்காவுக்கு அது உள்ளுக்குள் வலித்தது. "ஒரு வாட்டி, ஒரே ஒரு வாட்டி நம்ம சனம் நம்ம படத்தப் பாத்து வாயடைச்சி உக்காந்துருக்கணும் கேமரா. அது போதும் எனக்கு" என்று என்னிடம் சொல்லியிருக்கிறார்.

கதையில் அவளுடைய சாவு ஊர்வலம் வருகிறது. அதற்குத் தப்பு அடிக்கக் காளிமுத்து அண்ணனைக் கூப்பிட்டோம். அந்தப் பக்கத்துத் தோட்டங்களில் அவருக்கு மேல் அடிக்க ஆளில்லை. காமன் கூத்துக்கு ஒரு அடி, திருவிழாவுக்கு ஒரு அடி, சாவுக்கு ஒரு அடி. எட்டத்தில் இருந்து கேட்டாலே எங்கள் ஆட்கள் இன்ன அடி என்று சொல்லிவிடுவார்கள். வந்தவர், விஷயத்தைக் கேட்டதும் தப்பைத் தோளிலிருந்து இறக்கவே இல்லை.

"படத்துக்குத் திருவிழா அடி அடிச்சித் தாறேங்க. சாவு அடி வேணாம்."

"அண்ணே, பாக்கப் போறது யாரு? நம்ம சனம். பாடைக்கு முன்னால திருவிழா அடி அடிச்சா கைகொட்டிச் சிரிப்பாங்கண்ணே."

"அது சரிதாங்க. ஆனா சாவு அடி அடிச்சா சனம் வரும்."

"லயம் லயமாப் போயி எல்லாருக்கும் சொல்லிட்டேண்ணே. நாலு நாளாச் சொல்லிக்கிட்டுத்தான் இருக்கேன்."

அக்கா சொன்னது உண்மை. எங்கள் தோட்டத்தின் கீழ்ப் பகுதியான கீழ் டிவிசனில், லயத்து வரிசையில் ஒரு வீடு பாக்கியில்லாமல் சொல்லியிருந்தார். நானும்தான் கூடப் போனேன். ஆற்றுக்கு அந்தப் பக்கம் மேல் டிவிசன் ஒன்று இருக்கிறது, தப்புச் சத்தத்துக்கு ஆறு ஒரு தடையே இல்லை என்பது எங்கள் இரண்டு பேர் மண்டையிலும் உறைக்கவில்லை. அக்காவைப் போலவே நானும் தோட்டத்தில் பிறந்து வளர்ந்தவன். ஒரு டவுன்காரன் இந்தத் தப்பைச் செய்திருந்தால் மன்னிக்கலாம்.

ஞாயிற்றுக்கிழமை. படப்பிடிப்பு நாள், காலையிலேயே பனி. ஆற்றங்கரைக்கு மேலே உள்ள பாதையில் பாடை, அதில் கண்ணை மூடி வசந்தா, முகத்தையும் மூடிய வெள்ளைத் துணி. காளிமுத்து அண்ணன் மனமில்லாமல் தொடங்கினார். தொடங்கியதும் கைக்குப் பழக்கமான வேலை அல்லவா, அடி தானாகவே சூடு பிடித்தது. நான் கேமராவை முக்காலியில் நிறுத்தி ஓடவிட்டேன். ஒரு தரம், இரண்டு தரம், மூன்றாவது தரம். அக்காவுக்குத் திருப்தியே வரவில்லை. "இன்னொருக்கா போவோம்ணே" என்றார். நாலாவது தரம் ஊர்வலம் பாதி வழி வந்தபோது, பனிக்குள்ளிருந்து தேயிலைச் செடிகளைப் பிளந்துகொண்டு ஒரு பெண் ஓடி வந்தார்.

கூந்தல் அவிழ்ந்து கிடந்தது, செருப்பில்லை. நேராகப் பாடையில் விழுந்து கட்டிக்கொண்டார். "லெச்சுமி, என்ன உட்டுட்டுப் போயிட்டியே தாயி. புள்ள முகத்தக்கூடப் பாக்காமப் போயிட்டியே."

பாக்கியம் என்று பெயர். மேல் டிவிசன்காரர். அவருடைய தங்கை லெச்சுமியை எங்கள் டிவிசனில்தான் கட்டிக் கொடுத்திருந்தது. பிள்ளை பெற்றுக் காய்ச்சல் கண்டு டிக்கோயா ஆஸ்பத்திரியில் கிடந்து, இரண்டு நாளைக்கு முன்னால்தான் வீட்டுக்கு வந்திருந்தாள். கீழ் டிவிசனில் சாவு அடி கேட்டதும் பாக்கியம் வேறு யாரை நினைப்பார்?

பாடை சரிந்தது. துணி விலகியது. வசந்தா கண்ணைத் திறந்தாள். பாக்கியம் அவளைப் பார்த்தார், எங்களைப் பார்த்தார், ஒன்றும் விளங்காமல் மறுபடியும் அவளைப் பார்த்தார். "நிப்பாட்டு கேமரா" என்று அக்கா கத்தினார். காளிமுத்து அண்ணனின் கை நின்றது. நான் நிறுத்தவில்லை.

இதைச் சொல்ல எனக்கு வெட்கமாகத்தான் இருக்கிறது. கேட்காமல் இல்லை, நன்றாகவே கேட்டது. ஆனால் கேமராவின் சின்னக் கண்ணாடிக்குள் தெரிந்த அந்த முகம் மாதிரி ஒன்றை நான் அதற்கு முன்பும் எடுத்ததில்லை, பின்பும் எடுத்ததில்லை. விரல் போகமாட்டேன் என்றது. அக்கா வந்து என் கையைத் தட்டிவிட்டு அவரே நிறுத்தினார்.

யாரோ ஓடிப்போய் லெச்சுமியைக் கூட்டி வந்தார்கள், கைப்பிள்ளையோடு. உயிரோடு நின்ற தங்கையைப் பார்த்ததும் பாக்கியம் அவள் முதுகில் இரண்டு அடி வைத்துவிட்டுக் கட்டிக்கொண்டு அழுதார். லெச்சுமிக்கு எதற்கு அடி விழுந்தது என்றே புரியவில்லை. அதற்குள் மேல் டிவிசன் சனம் பாலத்தைத் தாண்டி வரிசையாக வந்துகொண்டிருந்தது. நாற்பது ஐம்பது பேர் இருப்பார்கள். சாவு வீட்டுக்கென்று ஒருத்தர் கையில் சீனி, ஒருத்தர் கையில் தேயிலைத் தூள், ஒருத்தர் கையில் புது வெள்ளைத் துணி. எங்கள் டிவிசன் சனமும் கூடிவிட்டது. அவர்களில் யாரும் சத்தம் போடவில்லை. சத்தம் போட்டிருந்தால் தேவலாம் என்றிருந்தது எனக்கு.

மேல் டிவிசன் கோயில் தலைவர் முன்னால் வந்தார். "சாவு அடி அடிச்சாச்சு. எங்க பக்கத்துல அது சும்மா போகாதுன்னு சொல்லுவாங்க. யாரு பேருக்கு அடிச்சது?"

எல்லாருடைய கண்ணும் ஒரே நேரத்தில் பாடைக்குப் போனது. வசந்தா அதிலேயே உட்கார்ந்திருந்தாள், இறங்கத் தோன்றாமல். பேயாக வந்து சிரித்துக்கொண்டேயிருந்த பெண்ணுக்கு அன்றைக்கு உதடு நடுங்கியது. கூட்டத்துக்குள் அவளுடைய அம்மா விசும்பத் தொடங்கிவிட்டார். காளிமுத்து அண்ணன் தப்பைக் கீழே வைத்துவிட்டுத் தலையைக் குனிந்துகொண்டார். நான் கேமராவைத் தோளில் மாட்டிக்கொண்டு நல்ல பிள்ளையாக நின்றேன்.

அக்கா போய் வசந்தாவின் கையைப் பிடித்துப் பாடையிலிருந்து இறக்கிவிட்டார். பிறகு தலைவரைப் பார்த்துச் சொன்னார்:

"எம் பேருக்குத்தாங்க. ஸ்டெல்லான்னு சொல்லி அடிக்கச் சொல்லுங்க."

"நீங்க வேதக்காரவுங்கம்மா. ஒங்களுக்கு இதெல்லாம் கெடையாது."

"வேதக்காரவுங்களும் சாவோம்லங்க?"

யாரும் சிரிக்கவில்லை. ஆனால் கூட்டம் மூச்சு விட்டது எனக்குத் தெரிந்தது. காளிமுத்து அண்ணன் தப்பை எடுத்தார். அக்கா பாடைக்குப் பக்கத்தில் கையைக் கட்டிக்கொண்டு நின்றார். மூன்று சுற்று அடித்தார் அண்ணன், மூன்றாவது முடிந்ததும் அக்காவின் முழுப் பெயரையும் சொன்னார். கழிப்புக் கழிக்கப் பூசணிக்காய் கேட்டார்கள். அங்கே பூசணிக்காய்க்கு எங்கே போவது? எங்கள் ரத்த வாளிக்கென்று வாங்கி மிச்சமாகிப்போன பீட்ரூட்டை எடுத்துப் பாதி பாதியாக வெட்டி நாலு பக்கமும் எறிந்தார்கள். அப்போதுதான் பின்னால் யாரோ ஒரு ஆள் "படத்துக்கு வச்சிருந்த ரத்தமா இது?" என்று கேட்டார். முதல் சிரிப்பு அங்கேதான் வந்தது.

"நடந்து வந்தவுங்க டீ குடிக்காமப் போவக் கூடாது" என்றார் அக்கா. சாவு வீட்டுக்கு என்று கொண்டுவந்த சீனியிலும் தூளிலும்தான் டீ போட்டார்கள். எல்லாரும் பாதையோரம் உட்கார்ந்தார்கள். அக்கா என்னைப் பாக்கியத்தின் பக்கத்தில் கூட்டிப் போனார்.

"இவுங்க அழுதது அதுக்குள்ள இருக்கா?"

"இருக்குங்கக்கா."

"இவுங்க கண்ணு முன்னாலயே அழி."

சின்ன டேப்பில் அழிப்பது என்றால் அதன்மேலேயே மறுபடியும் பதிய வேண்டும். பின்னால் ஓட்டி, நாலாவது ஊர்வலம் தொடங்கும் இடத்தில் நிறுத்தினேன். நேர்மையாகச் சொல்கிறேன், ஓடவிட்ட மாதிரிப் பாசாங்கு செய்துவிட்டு டேப்பைச் சட்டைப்பையில் போட்டுக்கொள்ளலாமா என்று ஒரு நிமிஷம் நினைத்தேன். சிறந்த கேமராக்காரன் என்று நாலு பேர் சொல்வதற்கு என்னிடமிருந்த ஒரே சாட்சி அது. அக்கா என் முகத்தைப் பார்த்தார். "கேமரா, நீங்க நல்ல ஆளு" என்றார். கோபத்தில் இருக்கும்போதே மரியாதை கொடுத்துக் கூப்பிட்டது அன்றைக்குத்தான். லென்ஸ் கண்ணாடிக்கு மூடியைப் போட்டு, பதியும் பொத்தானை அழுத்திக் கேமராவைப் புல்லில் வைத்தேன். பாக்கியத்தின் அழுகை இருந்த நாலு நிமிடமும் கறுப்பாகும்வரை அது ஓடியது. பிறகு அவருக்கே ஓட்டிக் காட்டினேன். குனிந்து பார்த்தார். "ஒண்ணுந் தெரியல" என்றார். "அதுதாங்க வேணும்" என்றேன்.

படத்தை வெட்டி ஒட்ட உட்கார்ந்தபோது ஊர்வலத்துக்கு முதல் மூன்று தரமும் எடுத்ததே போதுமானதாக இருந்தது. ஆனால் அக்கா அந்தக் கறுப்பைப் போட்டுப் பார்த்தார். மூடி போட்டிருந்தது கண்ணாடிக்குத்தானே, காதுக்கு இல்லையே. கேமராவிலிருந்த மைக் அத்தனையையும் பிடித்து வைத்திருந்தது. நிறையப் பேர் ஒரே நேரத்தில் மெதுவாகப் பேசுகிற சத்தம், கோப்பை மோதுகிற சத்தம், ஒரு கைக்குழந்தை சிணுங்குவது, எட்டத்தில் ஆறு. அக்கா மூன்று தரம் கேட்டார். "பாடையக் குழிக்குள்ள எறக்குன ஒடனே இதப் போடுங்க. முழுசா" என்றார்.

"படம் ரிப்பேர்னு நெனப்பாங்கக்கா."

"நம்ம சனம் நெனக்காது. போடுங்க."

எங்கள் டிவிசன் பிள்ளைக் காம்பராவில்தான் முதல் தடவை காட்டினோம், வேலைக்குப் போகும் தாய்மார் கைக்குழந்தைகளை விட்டுச் செல்லும் அறையில். ஞாயிற்றுக்கிழமை மத்தியானம். வெளிச்சம் வராமலிருக்க, மழைக்குக் கொழுந்துக்காரப் பெண்கள் போர்த்தும் கம்பளிகளை ஜன்னலில் தொங்கவிட்டோம். அறை முழுக்க ஈரக் கம்பளி வாசம். மேல் டிவிசனுக்கும் ஆள் அனுப்பிச் சொல்லியிருந்தார் அக்கா. வருவார்களா என்பதுதான் அவருடைய ஒரே கவலை. வாசலிலேயே நின்றுகொண்டிருந்தார். படம் தொடங்கி ஐந்து நிமிஷம் கழித்துப் பாக்கியம் வந்தார், தங்கையோடு. முன்னால் உட்கார இடம் விட்டார்கள்.

வழக்கம்போலச் சிரித்தார்கள். கணக்கப்பிள்ளை விழுந்தபோது கைதட்டினார்கள். வசந்தாவைப் பார்த்து "தைக்கக் குடுத்த சட்ட எங்க?" என்று யாரோ கேட்டார்கள். ஊர்வலம் வந்தது, காளிமுத்து அண்ணனின் அடி வந்தது. சிரிப்பு நின்றது. பாடை குழிக்குள் இறங்கியது. திரை கறுப்பானது.

நண்பரே, அந்த நாலு நிமிடமும் நான் படத்தைப் பார்க்கவில்லை, சனத்தைப் பார்த்துக்கொண்டிருந்தேன். ஒருவர்கூட அசையவில்லை. குழிக்குள் கிடக்கிறவளுக்கு மேலே நடப்பது எப்படிக் கேட்குமோ அப்படித்தான் அவர்களுக்குக் கேட்டது. தன்னைப் புதைத்துவிட்டு ஊர் டீ குடிக்கிறது. பின்வரிசையில் ஒரு பெரிய மனுஷர் எழுந்து வெளியே போய்விட்டார், மூச்சு முட்டுகிறது என்று. அக்கா கதவோரம் நின்று இரண்டு கையாலும் வாயைப் பொத்திக்கொண்டிருந்தார். வாயடைத்து உட்கார்ந்திருந்தது எங்கள் சனம்.

முன்வரிசையில் ஒரே ஒருவர் மட்டும் சிரித்தார். பாக்கியம். கறுப்புக்குள்ளிருந்து தன் குரல், "எனக்குச் சீனி போடாமக் குடுங்க" என்று சொன்னது அவருக்குக் கேட்டுவிட்டது. படம் முடிந்ததும் அக்காவிடம் வந்தார்.

"நான் அழுதது வரவே இல்லியே."

"அது ஒங்களோடதுங்க. நான் வச்சிக்கல."

பாக்கியம் அக்காவின் கன்னத்தைத் தொட்டுவிட்டுப் போனார். என் வாழ்க்கையில் நான் எடுத்த சிறந்த காட்சி அழிந்துபோனதற்காக நான் துக்கப்பட்டது அந்த நிமிஷம் வரைக்கும்தான். அழித்தவன் என்று சொல்லிக்கொள்வதில் எனக்கு இன்றைக்கும் ஒரு தலைக்கனம் உண்டு, மறைக்கவில்லை.

அதற்குப் பிறகு அக்கா இன்னும் மூன்று படம் எடுத்தார். ஒன்றைப் பட்டிப்பொல ஸ்டேஷன் பக்கம் எடுத்தோம், குளிரில் வசந்தாவின் பல் தந்தியடித்ததால் பேய் ஒரு வசனம் சரியாகப் பேசவில்லை. 'கொழுந்து மோகினி' கொழும்புவரை போனது. அங்கே ஒரு மண்டபத்தில் படித்த ஒருவர் எழுந்து, அந்தக் கறுப்பு நிமிடங்கள் எவ்வளவு ஆழமான உத்தி என்று கால் மணி நேரம் பேசினார். "ஆமாங்க, ரொம்ப யோசிச்சுத்தான் வச்சோம்" என்றார் அக்கா, முகத்தில் ஒரு மாற்றமும் இல்லாமல். திரும்பி வரும் ரயிலில் ஹட்டன் வரும்வரை சிரித்துக்கொண்டே வந்தோம். ஆனால் அவர் உண்மையில் யோசித்துத்தான் வைத்தார், அது எனக்குத் தெரியும்.

டேப் போய் டிஸ்க் வந்தது, டிஸ்க் போய் போன் வந்தது. வாடகைக்குப் படம் எடுக்க ஆளில்லை. அக்காவின் கடை இருந்த இடத்தில் இப்போது போனுக்கு உறை விற்கிறார்கள். அந்தப் பக்கம் போனால் என் மூக்கு பூச்சி உருண்டையைத் தேடுகிறது. பிள்ளைக் காம்பராவை இடித்துப் புதிதாகக் கட்டிவிட்டார்கள், நல்லதுதான். தேயிலை இப்போது காகிதப் பையில் போகிறது. பனிகூட முன்போல் நேரத்துக்கு இறங்குவதில்லை.

முந்தின வருஷம் மழைக்காலத்தில் அக்கா போய்ச் சேர்ந்தார். செய்தி எனக்குப் போனில்தான் வந்தது, ஒரு ரோசாப்பூப் படத்தோடு. அதன்கீழே கும்பிடும் கைகள், எண்ணி மாளாது. அதைப் போட்ட பலபேர் அடுத்த லயத்தில் இருந்தவர்கள். நான் காளிமுத்து அண்ணனைத் தேடிப் போனேன். வயதாகிவிட்டது. தப்பு ஆணியில் தொங்கியது. இப்போது சாவைச் சொல்ல முச்சக்கரவண்டியில் ஒலிபெருக்கி கட்டிப் போகிறார்கள், அவரை யாரும் கூப்பிடுவதில்லை. "அண்ணே, அக்காவுக்கு அடிக்கணும்" என்றேன். தப்பை எடுக்கவில்லை அவர். சட்டையை மட்டும் மாட்டிக்கொண்டார்.

"அவுங்களுக்கு அன்னைக்கே அடிச்சாச்சேங்க. ஒரு ஆளுக்கு ரெண்டு வாட்டி அடிக்கப்படாது. வாங்க, போவோம்."

டிக்கோயாவரை மழையில் நடந்தே வந்தார். அக்கா வீட்டு வாசலில் பாக்கியம் நின்றிருந்தார், கையில் ஒரு பை சீனி.

ஆகவே, காப்பி பழுதில்லை. அந்த நாலு நிமிடத்தைத் தள்ளிவிடாதீர்கள். போனைக் காதோடு வைத்துக் கேளுங்கள். அந்தக் குரல்களில் பாதிப்பேர் இன்றைக்கு இல்லை. ஒரு சத்தம் கேட்டது என்பதற்காகவே ஆற்றைத் தாண்டி நடந்து வந்தவர்கள் அவர்கள். போன ஞாயிற்றுக்கிழமை நானும் கேட்டேன். முடியப் போகும் நேரத்தில், கோப்பைச் சத்தங்களுக்கு நடுவில், இத்தனை வருஷமாக என் காதில் விழாத ஒரு குரல் இருந்தது. "கேமரா, நீங்க இன்னும் டீ குடிக்கலியே. வாங்க." அதோடு கறுப்பு முடிந்து அடுத்த காட்சி வந்துவிடுகிறது. மலை இருக்கிறது, பனி இருக்கிறது, பாதையில் யாரும் இல்லை.